இரண்டு நிமிடக் காக்கா

"நான் உயிரைக் கொடுத்து வாசிக்கிறேன், இவங்க காக்காவைக் காட்டுறாங்க."

படம் முடிந்து விளக்குப் போட்ட கையோடு, முன்வரிசையிலிருந்து எழுந்து நின்று சொல்லிவிட்டார் குழல்காரர்.

படமே அவரைப் பற்றியதுதான். அந்த வட்டாரத்து மெட்டுகளைப் புல்லாங்குழலில் வாசிப்பதில் அவரை மிஞ்ச ஆள் கிடையாது. அவரே இப்படிக் கொதித்ததும், படத்தை ஒளிபரப்பக் கையெழுத்துப் போடவேண்டிய தொலைக்காட்சி அதிகாரி அவசரமாக எழுந்து அவர் பக்கத்தில் போய் நின்றார்.

படத்தை எடுத்த பெண்மணியும் லேசுப்பட்டவர் அல்ல. பொம்மலாட்டக்காரர், மத்தளக்காரர், சுவரில் சித்திரம் எழுதுபவர் என்று இருபது வருடமாக ஊர் ஊராய்ப் போய், தனியாளாகவே கேமராவைப் பிடித்துப் படம் எடுப்பவர். கலைஞரின் முகத்தை விட்டுக் கேமராவை அப்படி இப்படித் திருப்பமாட்டார். அதனால் அலுவலகத்தில் அவருக்கு 'முக்காலி' என்றே பெயர்.

அப்பேர்ப்பட்டவர், வாசிப்பு உச்சத்துக்குப் போகிற இடத்தில் குழல்காரரை அம்போவென்று விட்டுவிட்டு, சுவர்மேல் உட்கார்ந்திருந்த காக்காவை முழுசாக இரண்டு நிமிடம் காட்டியிருந்தார்.

"அந்த ரெண்டு நிமிஷம் மாதிரி என் வாழ்நாள்ல நான் வாசிச்சதே இல்லை. இப்ப கேக்கும்போது எனக்கே சிலிர்க்குது. அந்த நேரம் பார்த்தாம்மா என் முகத்தை மறைப்பீங்க?" குழல்காரர் முக்காலியைப் பார்த்துக் கேட்டார்.

பின்வரிசையில் ஒரு பத்திரிகை விமர்சகர் செருமினார். "விருதுக்குக் காக்கா பிடிக்கிறவங்களைப் பார்த்திருக்கேன். காக்காவையே படம் பிடிச்சவங்களை இப்பதான் பார்க்கிறேன்."

எல்லோரும் சிரித்தார்கள். முக்காலி சிரிக்கவில்லை.

"அந்த இடத்துல காக்காதான் வேணும்னு தோணுச்சு, வச்சேன்."

"அதை எடுத்துட்டு அவர் முகத்தைப் போடுங்க மேடம்" என்றார் அதிகாரி. "எவ்வளவு நேரம் ஆகப்போகுது?"

"முகம் இல்லை சார். அழிச்சுட்டேன்."

அதிகாரி அவர் பக்கம் திரும்பினார்.

"எடுத்ததை அழிச்சீங்களா? யாரைக் கேட்டு?"

"என் படம். யாரைக் கேக்கணும்?"

அதிகாரிக்குச் சுருக்கென்றது. "அப்படின்னா அந்த இடத்தையே மொத்தமா வெட்டிடுங்க."

"முடியாது."

"உங்க அடுத்த படத்துக்கும் நான்தான் கையெழுத்துப் போடணும். ஞாபகம் இருக்கா?"

"போடாதீங்க சார். நான் வேற பொழப்பு பாத்துக்கிறேன். காக்கா மட்டும் அங்க இருந்து நகராது."

சொன்னவர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு விறுவிறுவென்று போயே போய்விட்டார். குழல்காரர் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

வயசில் பெரியவரிடம் ஒரு மன்னிப்புக் கேட்டால் குறைந்தா போய்விடும்? நாலு பேர் புகழ்ந்துவிட்டால் இவர்களுக்குத் தலைகால் புரிவதில்லை. மனசுக்குள் கறுவிக்கொண்டே வெளியே வந்தார் அதிகாரி.

வராந்தாவில் குழல்காரரின் மனைவி நின்றுகொண்டிருந்தார்.

"கவலைப்படாதீங்கம்மா. வேற ஆளை வச்சாவது அந்தக் காக்காவைத் தூக்கிடறேன்."

"ஐயோ, வேண்டாம் சார்." அந்த அம்மா பதறிப்போனார். கணவர் வருகிறாரா என்று கதவுப் பக்கம் எட்டிப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அவர் முகத்தைக் காட்டாதீங்கன்னு நான்தான் அந்தப் பொண்ணு கையைப் பிடிச்சுக் கேட்டுக்கிட்டேன்."

"எதுக்கும்மா?"

"இவருக்கு அப்பப்ப நினைவு தப்பிடும் சார். கண்ணு திறந்தபடியே இருக்கும், ஆள் இருக்கமாட்டார். தெளிஞ்சதும் ஒண்ணுமே நடக்காத மாதிரி விட்ட இடத்துல இருந்து பேசுவார். இப்படி ஆகுதுன்னு அவருக்கே தெரியாது. தெரிஞ்சா அப்புறம் குழலைத் தொடவேமாட்டார். படம் எடுத்த அன்னைக்கும் பாதி வாசிப்புல குழல் நழுவி மடியில விழுந்துடுச்சு."

அதிகாரிக்கு விளங்கவில்லை. "வாசிப்பு எங்கேயும் நிக்கலையேம்மா. அந்த இடத்தைத்தானே அவர் தன் வாழ்நாள் வாசிப்புன்னு சொன்னார்?"

அந்த அம்மாவின் முகத்தில் வெட்கமும் பெருமையும் ஒன்றாக வந்து நின்றன.

"குழலை எடுத்து மிச்சத்தை வாசிச்சது நான் சார். அவர் முகத்தை வேணா மறைச்சுடறேன், ஆனா உங்க வாசிப்பு படத்துல இருந்தே ஆகணும்னு அந்தப் பொண்ணு ஒத்தக்கால்ல நின்னுடுச்சு."