ஏழு வருஷத்துப் புதுசு

நவராத்திரிக்கு வெற்றிலை பாக்கோடு கைமாறிக் கைமாறி, அந்த ரவிக்கைத் துணி பதினோராவது வீட்டு பீரோவுக்குள் வந்து விழுந்தது. இனி அடுத்த நவராத்திரி வரைக்கும் இருட்டுதான்.

"புதுசாம்மா?" என்று கேட்டது பக்கத்திலிருந்த தலையணை உறை. பழைய சேலையில் தைத்தது. ஒரு மூலையில் ஒட்டுப் போட்டிருந்தது.

"ஏழு வருஷமா புதுசுதான்க்கா," என்றது துணி அலுப்போடு. "ஒருத்தரும் பிரிச்சுக்கூடப் பார்க்கலை. மடிச்ச இடமெல்லாம் வெளுத்துப்போச்சு. உங்களுக்கென்ன, துவைச்சுத் துவைச்சுத் தேய்ஞ்சிருக்கீங்க. குடுத்துவெச்சவங்க."

அந்த வாரம் துவைக்கப் போன உறை, இன்னொரு மூலையும் கிழிந்து திரும்பியது. வீட்டுக்கார அம்மாள் ஒட்டுப் போடத் துணி தேடினாள். ஒரு கையில் கத்தரிக்கோல். இன்னொரு கை ரவிக்கைத் துணியைத் தொட்டது. துணி மூச்சைப் பிடித்துக்கொண்டது.

"ஐயோ, இதைப் போய் வெட்டுவாங்களா? புத்தம் புதுசு! யாருக்காவது வெச்சுக் குடுக்கலாம்."

அதை அடியில் தள்ளிவிட்டு, ஒரு கிழிந்த பாவாடையை உருவிக்கொண்டு போனாள். வெளியே கத்தரிக்கோல் பாவாடையை நறுக்கும் சத்தம் கேட்டது. சத்தம் ஓயும்வரை துணி அதையே கேட்டுக்கொண்டு கிடந்தது.