காற்று பிரிந்த சேதி

எதை நாலு பேர் முன்னால் கேட்பது என்ற கூச்சமே இந்தக் காலத்து ஆட்களுக்கு இல்லை என்று பொருமினார் செங்கோடன். குடல்வால் சீழ்பிடித்ததென்று அவர் மனைவி பாவாத்தாளுக்கு வயிற்றை அறுத்துத் தைத்திருந்தார்கள். காற்று பிரிந்தால்தான் குடல் வேலை செய்கிறதென்று அர்த்தமாம்; அதுவரை சொட்டுத் தண்ணீர் கிடையாது. நர்ஸ் வாசலில் நின்றபடியே, "பாட்டி, காத்து பிரிஞ்சுதா?" என்று வார்டுக்கே கேட்கும்படி விசாரித்தாள். உதடு வெடித்துக் கிடந்த பாவாத்தாள், சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டு இல்லையென்று தலையாட்டினாள். கட்டிவந்த நாளிலிருந்து அவர் காதில் விழ அவள் ஓர் ஏப்பம்கூட விட்டதில்லை. பக்கத்துக் கட்டிலைச் சுற்றி உறவுக்கூட்டம் நின்றிருந்த நேரத்தில் அவர் கையை இறுகப் பிடித்தாள். இனி அடக்க முடியாது என்பது அவள் கண்ணில் தெரிந்தது. செங்கோடன் பீடிக்குப் பழகிய நெஞ்சு பிளக்கிற மாதிரி இருமத் தொடங்கினார். கூட்டமே முகம் சுளித்துத் திரும்பி அவரைப் பார்த்தது. அவள் பிடி தளர்ந்த பிறகுதான் நிறுத்தினார்.

"ஆச்சா?"

"ம். அந்தப் புள்ளகிட்டச் சொல்லிப்போடாதீங்க."

"சொல்லாட்டி உனக்குத் தண்ணி எவன் குடுப்பான்?"

நர்ஸிடம் போய்த் தணிந்த குரலில் சொன்னார். "நல்ல சேதி தாத்தா," என்று அவள் சிரித்தாள்.

"இதெல்லாம் ஒரு சேதியா அம்மிணி," என்று முனகிக்கொண்டே, சொம்பை எடுத்துக்கொண்டு வெந்நீர் வாங்க வேகமாக நடந்தார்.