கிணற்றடிக் கிடங்கு

அச்சுவேலிச் செம்மண் உச்சி வெயிலில் தகிக்கிறது. கிணறு தன் காணிக்குள்தான் என்று வழக்குப் போட்டவள் அருந்ததி. வெங்காயத்துக்கும் வீட்டுக்கும் அவளுக்குத் தண்ணீர் அதில்தான். காணி அளக்க வந்த சேவையர் பழைய எல்லைக்கல்லைத் தேடுகிறார். அவள் வீட்டுக்கும் கிணற்றுக்கும் நடுவே வெட்டிய கிடங்குக் குழியில் ஒன்றும் அகப்படவில்லை. இப்போது வேலிக்கு அப்பால், வழக்கின் எதிராளி பஞ்சலிங்கத்தின் தோட்டத்தில் அலவாங்குக் கம்பி மண்ணை இடிக்கிறது. திடீரென ஹெலிகொப்டர் இரைச்சல். எல்லோரும் அண்ணாந்து பார்க்கிறார்கள். அந்த நேரம் அருந்ததியின் காலடியில் கிடங்கின் கரை பொலபொலவென்று சரிய, கருங்கல்லின் மூலையொன்று தெரிகிறது. அதன் தலையில் கொத்திய எல்லைக்குறி. கல் இங்கே என்றால் கிணறு பஞ்சலிங்கத்துக்கு. அவளுடைய வெறுங்கால் தானாகவே மண்ணைத் தள்ளுகிறது. குறி பாதி மறைகிறது. இரைச்சல் கடற்பக்கமாகத் தேய்கிறது.

“பிள்ளை, அங்காலை ஏதும் தெரியுதோ?” வேலிக்கு மேலால் பஞ்சலிங்கத்தின் குரல்.

இன்னும் ஒரு தரம் காலால் மண்ணைத் தள்ளினால் போதும், கல் மறைந்துவிடும். கல்லின் மேல் மண்துகள்கள் உருளுகிற சத்தம்கூட அவளுக்குக் கேட்கிறது.

“ஓம் அண்ணை,” என்கிறாள். “கல்லு இஞ்சைதான் கிடக்கு. சேவையர் ஐயாவைக் கூட்டிக்கொண்டு வாங்கோ.”

கிடங்கின் கரையில் குந்தி, குறியை மறைத்த மண்ணைக் கையால் வழித்துவிடுகிறாள்.