உங்களுக்காகத்தான் சாமி!

"சாமி, நாளைக்கு உங்களுக்காகத்தான் எங்க செவலைச் சேவலை அறுக்கப் போறோம்! உங்களுக்குன்னே அறுக்கறது, வேற யாருக்கும் இல்ல. வயிறார சாப்பிடணும் சாமி!"

மடத்தில் மா யீ இப்படிச் சொல்லி முடித்தாள். தரையில் நெற்றி பட வணங்கிக்கொண்டிருந்த ஊ பா சோ, அப்படியே கண்ணை இறுக மூடிக்கொண்டார். தம்பி பெண்டாட்டி இத்தனை வார்த்தை சேர்ந்தாற்போல் பேசி அவர் கேட்டதே இல்லை. பேசாத வாய் திறந்து இதையா பேச வேண்டும்?

பர்மாவில், மாந்தளை நகரத்தில் பழைய லாரி வாங்கி விற்கிறவர் ஊ பா சோ. அறுபதாவது பிறந்த நாளைக்கு, சொந்த ஊர் மடத்துப் பெரிய பிக்குவைத் தம்பி வீட்டுக்கு அழைத்து விருந்து போட்டுப் புண்ணியம் தேடிக்கொள்ள வந்திருந்தார். மறுநாள் விரத நாள் என்பதால் ஐராவதி ஆற்றுக்கு அக்கரைச் சந்தையில் கறிக்கடை திறக்காது. கறிக்கு என்ன செய்யலாம் என்று முதல் நாள் மத்தியானம் யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் அந்தச் சேவல் கண்ணில் பட்டது. தம்பி லூன் சைக்கிளை எடுத்தால் அது பின்னால் கேரியரில் ஏறிக்கொள்ளும். அவன் சாப்பிட உட்கார்ந்தால் உரசிக்கொண்டு வந்து நிற்கும்.

"இதை அறுத்துடு தம்பி."

"நானா அண்ணா?"

"பின்ன நானா? உயிரைக் கொல்றதில்லைன்னு நான் எத்தனை வருஷமா சீலம் காக்கறேன்!"

"இல்லண்ணா, அது வந்து..."

"என் வீட்டுக்கு வந்தா கோழிக்காலைக் கேட்டு வாங்கித் திங்கற. உன் வீட்டுக் கோழின்னா மட்டும் கருணை பொங்குதோ?"

அப்பா போன பிறகு வளர்த்து ஆளாக்கிய அண்ணன். "சரிண்ணா," என்றான் லூன்.

மடத்துக்குக் கிளம்பும்போதே ஊ பா சோ இருவரையும் நிறுத்திப் பாடம் நடத்தியிருந்தார். "காலையில சாப்பிட வாங்க சாமின்னு கூப்பிடணும். அவ்வளவுதான். என்ன கறி, எங்கேருந்து வந்துதுன்னு மூச்சு விடக்கூடாது. தனக்குன்னு அறுத்ததைப் பார்க்கலை, கேட்கலை, சந்தேகமும் இல்லைன்னா, தட்டுல எது விழுந்தாலும் சாப்பிடுவார். தெரிஞ்சுதோ, தொட மாட்டார்."

இருவரும் தலையை ஆட்டினார்கள். மா யீ கொஞ்சம் அதிகமாகவே ஆட்டினாள். ஆட்டிவிட்டு வந்துதான் இந்தக் கூத்து!

பெரிய பிக்கு விசிறியை மடியில் வைத்தார். கோழிக்குழம்பு என்றால் அவருக்கும் ஒரு சபலம் உண்டு என்பது ஊருக்கே தெரியும்.

"அடடா, காதுல விழுந்துடுச்சேம்மா," என்றார். "இனிமே அந்தச் சேவல் எனக்கு ஆகாதே."

ஊ பா சோ பதறி எழுந்தார். "அவ ஏதோ உளர்றா சாமி! பக்கத்து ஊர்லேருந்து வேற கோழி கொண்டாந்துடறேன்."

"இனிமே எந்தக் கோழியைப் பார்த்தாலும் எனக்குச் சந்தேகம் வருமே பா சோ." பிக்கு பெருமூச்சு விட்டார். "வீட்டுல பருப்பு இருக்கில்ல? புளிச்சக்கீரை இருக்கில்ல? போதும், வரேன்."

மடத்துப் படி இறங்கியதுதான் தாமதம், லூன் வெடித்துவிட்டான்.

"அறிவிருக்காடி உனக்கு? அண்ணன் அவ்வளவு தூரம் படிச்சுப் படிச்சுச் சொன்னாரே, காதுல பஞ்சையா வெச்சிருந்த? பிறந்த நாளும் அதுவுமா அவர் மானத்தை வாங்கிட்டியே! உன் வாயைத் தைச்சாதான் சரிப்படும்!"

தெருவில் போனவர்கள் நின்று வேடிக்கை பார்த்தார்கள். மா யீ தோள்துண்டால் முகத்தை மூடிக்கொண்டு விசும்பினாள். அண்ணன் திட்ட நினைத்ததையெல்லாம் தம்பியே திட்டித் தீர்த்துவிட்டதால், அவரிடம் கைவசம் ஒரு வசவும் மிச்சமில்லை.

"போதும்டா, விடு. வெகுளிப் பொண்ணு. நல்ல மனசோடதானே சொன்னா," என்று சமாதானம் பேச வேண்டியதாகிவிட்டது.

"அப்ப நமக்குன்னாவது அறுத்துடட்டுமா அண்ணா?" என்றான் லூன், இன்னும் மூச்சு வாங்கியபடி.

"சீச்சீ! சாமி பேரைச் சொல்லி எடுத்து வெச்சதை நாம திங்கறதா? தொடாதே. அது பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டும்."

மறுநாள் பருப்பும் புளிச்சக்கீரையும் எண்ணெய்க் கத்தரிக்காயுமாக விருந்து நடந்தது. பெரிய பிக்கு இரண்டாம் முறையும் சோறு வாங்கிக்கொண்டார். கை கழுவிவிட்டு, "உன் பிறந்த நாளுக்கு ஓர் உயிர் பிழைச்சுது பா சோ. இதைவிட என்னப்பா புண்ணியம்?" என்று ஊரார் முன்னால் சொன்னார். எல்லாம் தன் யோசனைதான் என்பதுபோல் ஊ பா சோ அடக்கமாகத் தலை குனிந்தார்.

சாப்பிட்ட மயக்கத்தில் அவர் பாயை விரித்துப் படுத்தார். மூங்கில் தட்டிக்கு அந்தப் பக்கம் தம்பியும் மா யீயும் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்கள்.

"அண்ணன் தூங்கிட்டாரா?" என்றாள் மா யீ.

"அப்பவே," என்றான் லூன். கழுவிய சட்டியைக் கவிழ்த்து வைத்தான். பிறகு அவன் குரல் தணிந்து வந்தது.

"ஏன் மா யீ, நேத்து நீ சொல்லிக் குடுத்த மாதிரிதானே திட்டினேன், கொஞ்சம் கூடிப் போச்சோ?"