இருபத்திரண்டு வருஷத்து அரிப்பு

“நான் செத்த ஏழாம் நாள் ஃபாத்திஹா விருந்துக்கு இறாலே போடு,” என்றேன் என் மனைவி மார்சித்தியிடம். “எனக்கு ஆகாதுன்னு வீட்டுல அத வாங்குறதே இல்ல. இனிமே யாருக்கு அரிக்கப் போவுது?”

ஸெமாராங் நகரத்தில் தோல் டாக்டரின் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். போன வாரம் நான் தனியாக வந்து ரத்தம் கொடுத்துவிட்டுப் போயிருந்தேன். இன்றைக்கு முடிவு சொல்லும் நாள்.

“வாயக் கழுவுங்க,” என்றாள் மார்சித்தி, செருப்பு ஓரத்தால் கெண்டைக்காலைத் தேய்த்துக்கொண்டே. “டாக்டர் இன்னும் ஒரு வார்த்த சொல்லல, அதுக்குள்ள பந்தி போடறாரு.”

எனக்கு இருபத்திரண்டு வருஷமாகக் கரப்பான். கழுத்து, முழங்கை மடிப்பு, முழங்காலின் பின்பக்கம் எல்லாம் தடித்துச் சிவந்து செதில் உதிரும். ஊருக்கெல்லாம் சட்டை தைக்கிறவனுக்குத் தன் தோல் மட்டும் சரியாக அமையவில்லை. குஸ்னாடி என்ற என் பெயர் தபால்காரருக்குத்தான் தெரியும். தெருவுக்கு நான் சொறி டெய்லர்.

என்னைப் பார்க்கிறவர்களுக்கும் அரிக்க ஆரம்பித்துவிடும். கொட்டாவி மாதிரிதான். அளவு கொடுக்க நிற்கிறவர் இரண்டாவது நிமிஷம் முதுகைச் சொறிவார். பள்ளிவாசலில் என் வரிசை மட்டும் நெளியும். இப்போதெல்லாம் மார்சித்திக்கும் தொற்றிக்கொண்டது. பாவம், கூடவே குடியிருக்கிறவள்.

நாலு மாதத்துக்கு முன் மைத்துனன் போனில் ஒரு செய்தியைக் காட்டினான். ‘நாள்பட்ட அரிப்புக்கும் நிணநீர்ப் புற்றுநோய்க்கும் தொடர்பா?’ கடைசியில் ஒரு கேள்விக்குறி இருந்ததாம். என் கண்ணில் அது படவில்லை.

அன்றிலிருந்து நான் செத்துக்கொண்டிருந்தேன். பயந்தவன் உடனே டாக்டரிடம் ஓடுவான் என்பார்கள். நான் பயந்துபோய் டாக்டர் இருக்கும் தெருவையே சுற்றிக்கொண்டு போனேன். கடையில் துணி கொடுக்க வந்தவர்களிடமெல்லாம், “சீக்கிரம் வந்து வாங்கிக்கங்க, நான் இருப்பேனோ மாட்டேனோ,” என்று சொல்லி அழவைத்தேன். இரண்டு பேர் துணியைத் திருப்பி எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

மார்சித்தி என்னைவிட மோசம். விடிந்து பார்த்தால் அவள் தலையணை நனைந்திருக்கும்.

“எனக்காக அழுவாதடி,” என்பேன்.

“யாரு அழுதா? ஒரே புழுக்கம்,” என்பாள்.

அதை நான் நம்பவில்லை. கவலையில் இளைத்தும் போனாள். பெருநாளுக்குத் தைத்த மேல்சட்டையை நானே இரண்டு தடவை பிடித்துக் கொடுத்தேன். இப்படி உருகுகிற பெண்டாட்டி எவனுக்கு வாய்ப்பாள் என்று ஊசி கோக்கும்போதெல்லாம் நெஞ்சு நிறையும். கடைசியில், “டாக்டரப் பாக்கலன்னா நான் எங்க அக்கா வீட்டுக்குப் போயிடுவேன்,” என்று மிரட்டி என்னை இங்கே அனுப்பியதும் அவள்தான்.

பெயரைக் கூப்பிட்டார்கள். டாக்டர் ஹெர்லினாவுக்கு என் மகள் வயசுதான் இருக்கும். நான் நிமிர்ந்து உட்கார்ந்து, வீட்டில் பழகிவைத்திருந்த குரலில் ஆரம்பித்தேன்.

“மறைக்காம சொல்லுங்க டாக்டர். இன்னும் எத்தன நாளு?”

“எதுக்கு ஐயா?”

“எனக்குத்தான்.”

அவர் உதட்டைக் கடித்துச் சிரிப்பை அடக்கினார். “ரத்தம் சுத்தமா இருக்கு. கழுத்துல, அக்குள்ல கட்டி ஒண்ணும் இல்ல. நீங்க சொன்ன செய்திய நானும் படிச்சேன். சில ஆராய்ச்சியில லேசா தொடர்பு தெரியுது, சிலதுல அதுவும் இல்ல. நீங்க பயப்படற அளவுக்கு ஒண்ணுமில்ல. புது மருந்து எழுதறேன், தூக்கமாவது வரும்.”

சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் நாலு மாதம் கஷ்டப்பட்டுச் செத்ததெல்லாம் வீணாகிவிட்டதே என்று கொஞ்சம் வருத்தமும் வந்தது. தெருவுக்கு இனி என்ன பதில் சொல்வது?

“கேட்டீங்களா?” என்று பின்னாலிருந்து மார்சித்தி பெருமூச்சு விட்டாள். “இறாலும் வேணாம், ஒண்ணும் வேணாம். எழுந்திரிங்க.”

எனக்கு மனசு வரவில்லை. செய்தி அப்படியே பொய்யாகிப் போவதா? “அப்ப அரிப்புக்கும் புத்துநோய்க்கும் சம்பந்தமே இல்லங்கறீங்களா?” என்று பிடித்துக்கொண்டேன்.

“அப்படிச் சொல்லல. உங்க அரிப்பு தோல்லேர்ந்து வர்றது, கண்ணுக்குத் தெரியுது. நாங்க யோசிக்கறது இன்னொரு மாதிரி அரிப்ப. தோல் வழவழன்னு இருக்கும். ஒரு பொரி இருக்காது, ஆனா அரிக்கும். கூடவே உடம்பு எளைக்கும், தூக்கத்துல வேர்த்துக் கொட்டும். அதுக்கும் வேற காரணம் இருக்கலாம். இருந்தாலும் தள்ளிப்போடக் கூடாது. சீக்கிரம் கண்டுபிடிச்சா பெரும்பாலும் குணப்படுத்தி…”

டாக்டர் பாதியில் நிறுத்தினார். அவர் பார்வை என் தோளைத் தாண்டிப் போயிருந்தது. என்னவென்று நானும் திரும்பினேன்.

மார்சித்தி சட்டைக் கையை முழங்கைக்கு மேல் ஏற்றிவிட்டு, வளையலால் வறட்டு வறட்டென்று தேய்த்துக்கொண்டிருந்தாள். வளையல் போட்ட கோடுகளைத் தவிர, அந்தக் கையில் ஒரு மச்சம்கூட இல்லை.

டாக்டர் பேனாவை மேசையில் வைத்தார்.

“அம்மா, உங்களுக்கு எத்தன மாசமா அரிக்குது?”