பாசிக் கோபுரத்தில் ஏறியவள்

பாதி உயரத்தில் அவளுக்குக் கண்ணைக் கட்டிக்கொண்டு வந்தது.

கீழே பார்க்கவில்லை. மேலேயும் பார்க்கவில்லை. மூக்குக்கு நேரே ஈரமாய் அசைந்துகொண்டிருந்த பாசித் தண்டை மட்டும் பார்த்தாள்.

கடலடிப் பாறையில் வேர்விட்டு, தண்ணீரைக் கிழித்து வெளியே வந்து, மூன்று பனை உயரத்துக்குத் திரிதிரியாய்ப் பின்னி நிற்கிற கடற்பாசி. ஊர்ப் பெண்கள் ஒன்பது வருஷமாக வளர்த்த கோபுரம். பச்சை ஒரு பக்கம், அரக்கு ஒரு பக்கம். உயிர் உள்ளது. இன்னும் வளர்கிறது.

இன்று அது ஓர் ஆளைத் தாங்கியாக வேண்டும்.

தாங்காவிட்டால் ஊர் காலி.

புயல் வந்தால் ஓடி ஏற ஒரு மேடு இல்லாத ஊரில் மனிதர் குடியிருக்கக் கூடாது என்று உத்தரவு. உள்நாட்டில், கருவேலங்காட்டுக்கு நடுவே, வரிசையாக வீடு கட்டித் தயாராக வைத்திருக்கிறார்கள். தண்ணீர்க் குழாய் உண்டு, மின்விளக்கு உண்டு. கடல்தான் கிடையாது. கடல் இல்லாத இடத்தில் பாசி எடுக்கிறவளுக்கு என்ன வேலை? கருவேல முள்ளையா பொறுக்குவாள்?

எங்களுக்கும் மேடு இருக்கிறது என்று பெண்கள் கோபுரத்தைக் காட்டினார்கள். உத்தரவோடு வந்த அதிகாரி சிரிக்கவில்லை. நல்ல மனிதர். கடல் முழுக்க ஏறி நிற்கிற உச்சிப் பொழுதில் ஒருவர் மேலே நின்று காட்டட்டும், நான் எழுதிக் கொடுத்துவிடுகிறேன் என்றார்.

முதலில் ஏறியவன் அவள் கொழுந்தன் இன்னாசி. எலும்பும் தோலுமான உடம்பு, பனையேறிப் பழகிய கால். பனையைக் கட்டிப்பிடிப்பதுபோலக் கோபுரத்தை இறுக்கிக் கட்டிப்பிடித்தான். பாசியை இறுக்கினால் வழுக்கும் என்று அவனுக்கு எப்படித் தெரியும்? அவன் என்றைக்குப் பாசிக்குப் போனான்? ஆள் உயரம்கூட ஏறவில்லை. தொப்பென்று கடலில் விழுந்தான்.

பெண்களோடு படகில் இருந்த அதிகாரி வருத்தத்தோடு கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

அவள் எழுந்தாள். படகு ஒரு பக்கம் சாய்ந்தது.

ஊரிலேயே கனத்த உடம்பு அவளுடையது. மாதா கோயில் திருவிழாவில் அவள் உட்கார்ந்ததும் பிளாஸ்டிக் நாற்காலி காலைப் பரப்பிய கதையை இன்னமும் சொல்லிச் சிரிக்கிறார்கள். இன்று ஒருத்தியும் சிரிக்கவில்லை. அவளைத் தாங்கிவிட்டால் அப்புறம் ஊரில் யாரைத்தான் தாங்காது? சொல்லாமலே புரிந்தது.

விரல் விரலாகத் துணியைச் சுற்றிக்கொண்டாள். நெஞ்சு நிறைய மூச்சை இழுத்தாள். கோபுரம் அலையோடு தன் பக்கம் சாயும்வரை பொறுத்திருந்து, சாய்ந்ததும் ஒட்டிக்கொண்டாள்.

நீரோட்டத்தில் பாறையோரம் செய்வதுதான். அலை போனால் கூடப் போ. அலை நின்றால் கையை எட்டிப் போடு. முறுக்காதே, இறுக்காதே.

ஒரு கை. இன்னொரு கை.

கோபுரம் தாங்கியது.

தாங்கும் என்று அவளுக்குத் தெரியும். நுனியைக் கிள்ளினால் பாசி பக்கவாட்டில் தடிக்கும். வேரில் கை வைத்தால் போச்சு. மீன்பாடு இல்லாமல் அடுப்பு அணைந்து கிடந்த மாதங்களில்கூட ஒருத்தியும் அந்த வேரைத் தொட்டதில்லை.

ஆனால் கண் இருட்டுகிறதே. காது அடைக்கிறதே. நெஞ்சு வெடித்துவிடும்போல் இருக்கிறதே.

கோபுரம் தாங்கியும் இந்தப் பாழாய்ப்போன உடம்பு தாங்காமல் ஊரைக் கெடுக்கப் போகிறதே என்று அவளுக்கு அழுகை முட்டியது. பிடி நழுவியது. ஒரு கை விட்டுப்போயிற்று.

கடலில் மிதந்துகொண்டிருந்த இன்னாசி தொண்டை கிழியக் கத்தினான்.

"மதினி! மூச்ச விடுங்க மதினி! அது தண்ணி இல்ல, காத்து!"

அவள் வாயைத் திறந்தாள்.

ஏறத் தொடங்கியதிலிருந்து அவள் மூச்சே விடவில்லை.

கடலில் முங்கிப் பாசி எடுத்த முப்பது வருஷப் பழக்கம். பாசியில் கை பட்டதும் உடம்பு தானாக மூச்சை அடக்கிக்கொள்ளும். ஒன்றரைப் பனை உயரத்தை ஒரே மூச்சில் ஏறியிருக்கிறாள்.

காற்று உள்ளே போயிற்று. வேண்டிய மட்டும் போயிற்று. கூடவே சிரிப்பும் வந்துவிட்டது. அவள் குலுங்கிச் சிரிக்க, கோபுரமும் சேர்ந்து குலுங்க, படகில் இருந்தவர்கள் "ஏ யாத்தே!" என்று அலறினார்கள். அவள் நிறுத்தவில்லை. சிரித்துக்கொண்டே விட்ட கையை எட்டிப் போட்டாள்.

அதற்குப் பிறகு ஏறியது ஏற்றமே இல்லை.

உச்சியில் இலைகள் அகலமாய் விரிந்து ஒரு முற்றம்போலக் கிடந்தன. முழங்காலை ஊன்றினாள். ஒரு பாதத்தை வைத்தாள். மறு பாதத்தையும் வைத்தாள்.

நிமிர்ந்தாள்.

முப்பது வருஷமாகக் குனிந்து குனிந்து கடலின் அடியைப் பார்த்தவள். இப்போது முழுக் கடலையும் பார்த்தாள். தன் ஊரைப் பார்த்தாள். எவ்வளவு சின்ன ஊர்! எவ்வளவு அழகான ஊர்! யாரடா எங்களைக் கிளப்புகிறவன் என்று கேட்க வேண்டும்போல் இருந்தது. கேட்டாள். காற்றில் அது யாருக்கும் கேட்கவில்லை. அவளுக்கு அதுவே போதுமானதாக இருந்தது.

கீழே குலவை கிளம்பியது. படகில் இருந்த தெரசம்மாள் ஆரம்பித்து வைத்தாள். பிறகு எல்லோரும்.

குலவை ஓய்ந்தபோது கோபுரம் லேசாக நடுங்கியது. அவள் எட்டிப் பார்த்தாள். தெரசம்மாள் ஏறிக்கொண்டிருந்தாள், வாயை ஆவென்று திறந்து வைத்துக்கொண்டு. அவளுக்குக் கீழே இன்னொருத்தி. அவளுக்கும் கீழே கைக்குழந்தையை முதுகில் கட்டிய ஒருத்தி. யாரும் அவர்களை ஏறச் சொல்லவில்லை.

படகில் அதிகாரி ஒருவர்தான் மிச்சம்.

அவர் கையிலிருந்த காகிதக் கட்டைப் படகின் பலகைமேல் வைத்தார். காற்றில் பறக்காமல் இருக்க அதன்மேல் கைக்கடிகாரத்தைக் கழற்றி வைத்தார். பிறகு குனிந்து ஷூ லேஸை அவிழ்க்கத் தொடங்கினார்.

அவள் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டாள்.