பாண்டீஸ்வரியின் கடைசி நிமிடம்

பட்டாசு ஆலையில் கருகிச் செத்த பாண்டீஸ்வரியின் மூளையிலிருந்து பதிவுசெய்த கடைசி நினைவை, கருவி வழியாக என் உடம்பில் தினமும் ஏற்றுவார்கள். மேடையில் அவளாகவே துடிப்பேன். என் தோலில் நிஜமாகவே கொப்புளம் கிளம்புவதைப் பின்னாலிருக்கும் பெரிய திரை காட்டும். இதற்குப் பெயர் நிகழ்த்துகலை.

நேற்று அவளுடைய அம்மா சாத்தூரிலிருந்து வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். நான் "எம்மா, எரியுதும்மா!" என்று அலறியதும், ஓரத்தில் குடிக்க வைத்திருந்த தண்ணீர் கேனைத் தூக்கிக்கொண்டு மேடையேறி என் தலையில் கவிழ்த்தார்.

"இந்தா வந்துட்டேன் தாயி... அன்னைக்குத்தான் உள்ள விடமாட்டேன்னுட்டாங்க" என்று என்னை மடியில் போட்டுக்கொண்டார்.

டிக்கெட் வாங்கி வந்தவர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

காட்சி முடிந்ததும் இயக்குநர் ஓடிவந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நாளைக்கும் வாங்கம்மா. தண்ணிய மட்டும் கொஞ்சம் லேட்டா ஊத்துங்க."